ஸ்க்ரீன்ஷாட் எடுத்ததும் லிங்க் ரெடி... அந்தப் படம் எங்கே போய்ச் சேருகிறது?

கம்ப்யூட்டரில் ஒரு பட்டனைத் தட்டுகிறோம். திரையில் வேண்டிய பகுதியை மவுஸால் இழுத்து வளைக்கிறோம். இரண்டே நொடி. படம் இணையத்தில் ஏறி, அதற்கான லிங்க்கும் கிளிப்போர்டில் வந்து உட்கார்ந்துவிடுகிறது. பேஸ்ட் பண்ணி அனுப்பினால் வேலை முடிஞ்சுது.

ஐ.டி. சப்போர்ட்டில் இருப்பவர்கள், டிசைனர்கள், கேம் ஆடுபவர்கள், கல்லூரி மாணவர்கள் எனப் பலருக்கும் இது தினசரி வேலை. ஷேர்எக்ஸ், கிரீன்ஷாட், லைட்ஷாட் என்று இதற்கென்றே இலவச மென்பொருள்கள் இருக்கின்றன. வசதி என்னவோ பெரிய வசதிதான். ஆனால், அந்த இரண்டு நொடிக்குள் படம் யாருடைய சர்வருக்குப் போனது, அதை இன்னும் யாரெல்லாம் பார்க்க முடியும், வேண்டாம் என்றால் அழிக்க முடியுமா என்ற கேள்விகளைப் பெரும்பாலானோர் கேட்பதே இல்லை.

2025 செப்டம்பர் 30 அன்று, உலகின் மிகப் பெரிய பட ஹோஸ்டிங் தளங்களில் ஒன்றான இம்கர், பிரிட்டனில் தன் சேவையை ஒரேயடியாக நிறுத்தியது. அந்த நாட்டில் இருப்பவர்களுக்கு இம்கர் படங்கள் இருந்த இடத்திலெல்லாம் வெறும் அறிவிப்புதான் தெரிந்தது. வருடக்கணக்கில் சேர்த்த லிங்க்குகள் ஒரே நாளில் பயனற்றுப் போயின. 'ஒரு பட்டன் தட்டினால் போதும்' என்ற வசதிக்குப் பின்னால் என்னென்ன இருக்கிறது? விரிவாகப் பார்ப்போம்.

ப்ளக்-இன், டிஎல்எல்... இதெல்லாம் என்ன?

ஸ்க்ரீன்ஷாட் மென்பொருளின் அடிப்படை வேலை, திரையைப் படமாகப் பிடிப்பது மட்டும்தான். பிடித்த படத்தை இம்கருக்கு அனுப்புவது, டிராப்பாக்ஸுக்கு அனுப்புவது, அலுவலகத்தின் ஜிரா பக்கத்தில் சேர்ப்பது எல்லாம் தனித்தனி வேலைகள். ஒவ்வொரு தளத்துக்கும் படத்தை வாங்கிக்கொள்ளும் முறை வேறு வேறு. எனவே, ஒவ்வொன்றுக்கும் தனியாக ஒரு சின்ன நிரலை எழுதி, முதன்மை மென்பொருளுடன் இணைத்துக்கொள்கிறார்கள். இதுதான் ப்ளக்-இன். மிக்ஸிக்கு ஜார் மாதிரி. மோட்டார் ஒன்றுதான்; சட்னிக்கு ஒரு ஜார், மாவுக்கு ஒரு ஜார்.

விண்டோஸில் இந்த ப்ளக்-இன்கள் பெரும்பாலும் லைப்ரரி ஃபைல்களாக, அதாவது டிஎல்எல் ஃபைல்களாக இருக்கும். டிஎல்எல் ஃபைலை டபுள் க்ளிக் செய்தால் அது தானாக இயங்காது. வேறொரு மென்பொருள் அதைத் தனக்குள் ஏற்றிக்கொண்டால்தான் அதற்கு உயிர் வரும். கிரீன்ஷாட்டின் பழைய பதிப்புகளை நிறுவிய கம்ப்யூட்டரில், ப்ரோகிராம் ஃபோல்டருக்குள் ப்ளக்-இன்ஸ் என்று ஒரு ஃபோல்டர் இருக்கும். அதற்குள் இம்கர், டிராப்பாக்ஸ், பாக்ஸ், ஃபிளிக்கர், போட்டோபக்கெட், பிகாசா, ஜிரா, கன்ஃப்ளூயன்ஸ் என்று வரிசையாக உள் ஃபோல்டர்கள். ஒவ்வொன்றிலும் அந்தந்தத் தளத்துக்கான லைப்ரரி ஃபைல்.

ஷேர்எக்ஸ் வேறு பாணி. இசட்ஸ்க்ரீன் என்ற பெயரில் தொடங்கிய இந்த இலவச, ஓப்பன் சோர்ஸ் மென்பொருளில், அப்லோட் வேலைகள் அனைத்தையும் ஒரே லைப்ரரிக்குள் தொகுத்தார்கள். 80-க்கும் மேற்பட்ட இடங்களுக்கு அதிலிருந்து படமோ ஃபைலோ அனுப்ப முடியும். பட்டியலில் இல்லாத தளம் வேண்டுமா? முகவரி, ஃபைலுக்கான பெயர், பதிலிலிருந்து லிங்க்கை எடுக்கும் முறை ஆகியவற்றைச் சில வரிகளில் எழுதி, நாமே ஒரு 'கஸ்டம் அப்லோடர்' உருவாக்கிக்கொள்ளலாம். கோடிங் தெரியாதவர்கள்கூட வேறொருவர் எழுதியதை வாங்கி இறக்குமதி செய்துகொள்கிறார்கள்.

பட்டனைத் தட்டியதும் நடப்பது என்ன?

வரிசையாகப் பார்த்தால் ஐந்தே படிகள்.

1. மென்பொருள் திரையைப் பிடித்து, பிஎன்ஜி அல்லது ஜேபெக் படமாக மாற்றுகிறது.

2. அந்தப் படத்தை ப்ளக்-இன்னிடம் ஒப்படைக்கிறது.

3. ப்ளக்-இன் அந்தப் படத்தோடு ஓர் அடையாள எண்ணையும் சேர்த்து, ஹோஸ்டிங் தளத்தின் சர்வருக்கு அனுப்புகிறது. நாம் லாக்-இன் செய்யாமலே அனுப்பினால், இந்த எண் நம்முடையது அல்ல. அந்த மென்பொருளுக்குத் தளம் கொடுத்த எண்.

4. சர்வர் படத்தைச் சேமித்துவிட்டு, லிங்க்கைப் பதிலாக அனுப்புகிறது.

5. ப்ளக்-இன் அந்த லிங்க்கைக் கிளிப்போர்டில் வைக்கிறது.

நான்காவது படியில் கவனிக்க வேண்டிய விஷயம் ஒன்று இருக்கிறது. கணக்கு எதுவும் இல்லாமல் இம்கருக்குப் படம் அனுப்பினால், பதிலில் லிங்க்கோடு சேர்த்து 'டிலீட் ஹேஷ்' என்ற ஒரு குறியீடும் வரும். அந்தப் படத்தை நாமே பின்னாளில் அழிக்க வேண்டுமென்றால் இதுதான் சாவி. நல்ல ப்ளக்-இன்கள் இந்தச் சாவியைக் கம்ப்யூட்டரில் உள்ள ஹிஸ்டரியில் சேமித்து வைக்கும். விண்டோஸைப் புதிதாகப் போட்டாலோ, லேப்டாப்பை மாற்றினாலோ, 'எதற்கு இதெல்லாம்' என்று ஹிஸ்டரியை அழித்தாலோ, சாவி போச்சு. படம் மட்டும் அங்கேயே இருக்கும். 'இது என்னுடைய படம்' என்று நிரூபிக்க நம் கையில் எதுவும் இருக்காது.

'லிங்க் இருந்தால்தானே பார்க்க முடியும்?'

பலரும் சொல்லும் சமாதானம் இது. லிங்க்கை நண்பருக்கு மட்டும்தானே அனுப்பினோம், வேறு யாருக்கு அது தெரியப்போகிறது என்ற நம்பிக்கை. இந்த நம்பிக்கை சரியா என்பதை அந்த லிங்க்கின் நீளம்தான் தீர்மானிக்கிறது.

லைட்ஷாட் நீண்ட காலம் பயன்படுத்திய லிங்க்குகளின் கடைசிப் பகுதியில் ஆறே எழுத்துகள் இருந்தன. சின்ன ஆங்கில எழுத்துகள் 26, எண்கள் 10. மொத்தம் 36 குறிகள், ஆறு இடங்கள். கணக்குப் போட்டால் சுமார் 217 கோடி சேர்க்கைகள் வரும். கேட்பதற்குப் பெரிய எண்தான். ஆனால், அந்த லிங்க்குகள் ஏறத்தாழ வரிசைப்படியே வழங்கப்பட்டன. பஸ் டிக்கெட் எண் மாதிரி ஒன்றுக்கு அடுத்து ஒன்று. ஆக, உங்கள் லிங்க்கின் கடைசி எழுத்தை ஒருவர் மாற்றிப் பார்த்தால் போதும், முன்பின் தெரியாத இன்னொருவரின் ஸ்க்ரீன்ஷாட் திறக்கும். பாஸ்வேர்டு தேவையில்லை, ஹேக்கிங் திறமையும் தேவையில்லை. இப்படி எழுத்துகளை மாற்றி மாற்றிப் படங்களைத் தானாகச் சேகரிக்கும் நிரல்களைப் பலரும் எழுதி இணையத்தில் வெளியிட்டார்கள். உள்ளே சாட் உரையாடல்கள், பில்கள், மின்னஞ்சல்கள், பாஸ்வேர்டு எழுதி வைத்த நோட்பேட் பக்கங்கள் என எல்லாமே இருந்தன.

மோசடிக்காரர்கள் இதையும் விட்டுவைக்கவில்லை. கிரிப்டோ கணக்கின் பயனர் பெயரும் பாஸ்வேர்டும் தெரிவது போன்ற போலி ஸ்க்ரீன்ஷாட்டுகளை வேண்டுமென்றே பதிவேற்றினார்கள். அடுத்தவர் படங்களைத் துழாவும் ஒருவர் அதைப் பார்த்து, ஆசைப்பட்டு உள்ளே நுழைந்தால் பெரிய தொகை இருப்பதாகத் தெரியும். எடுக்கப் போனால் 'முதலில் சிறு கட்டணம் செலுத்துங்கள்' என்று கேட்கும். கட்டினால் அந்தப் பணமும் போகும். திருட வந்தவருக்கே தூண்டில்.

இது ஏதோ ஒரு தளத்தின் பிரச்சினை மட்டும் அல்ல. 2016-ல் கார்னெல் டெக் ஆய்வாளர்கள் மார்ட்டின் ஜார்ஜியேவ், விட்டாலி ஷ்மாட்டிகோவ் இருவரும் குறுகிய லிங்க்குகள் எவ்வளவு பாதுகாப்பானவை என்று சோதித்தார்கள். மைக்ரோசாஃப்ட்டின் ஒன்டிரைவ், கூகுள் மேப்ஸ் ஆகிய இரண்டும் அப்போது ஐந்து, ஆறு எழுத்துக் குறுகிய லிங்க்குகளைப் பயன்படுத்தின. தோராயமாக எழுத்துகளைப் போட்டுப் பார்த்தே முன்பின் தெரியாதவர்களின் ஃபைல்களையும், வீட்டிலிருந்து மருத்துவமனைக்குப் போன வழித்தடங்களையும் அவர்களால் காண முடிந்தது. கண்டெடுத்த ஒன்டிரைவ் ஃபோல்டர்களில் சுமார் 7 சதவீதத்தில் வெளியாள் எழுதவும் முடிந்தது. இந்தக் கண்டுபிடிப்பு தெரிவிக்கப்பட்ட பிறகு, கூகுள் தன் மேப்ஸ் லிங்க்குகளை 11, 12 எழுத்துகளாக நீட்டியது.

நீளம் கூடினால் என்ன ஆகும்? பெரிய எழுத்து, சின்ன எழுத்து, எண் என 62 குறிகளை வைத்து ஐந்து இடங்களை நிரப்பினால் சுமார் 91 கோடி சேர்க்கைகள். அதையே ஏழு இடங்களாக்கினால் சுமார் 3.5 லட்சம் கோடி. இம்கர் ஆரம்பத்தில் ஐந்து எழுத்தில் தொடங்கி, பிறகு ஏழு எழுத்துக்கு மாறியது. ஜப்பானிய நிறுவனத்தின் கியாஸோ சேவை 32 எழுத்துகள் கொண்ட நீளமான லிங்க்கைத் தருகிறது. இப்படிப்பட்ட லிங்க்கை ஊகித்துக் கண்டுபிடிப்பது நடைமுறையில் முடியாத காரியம்.

ஆனால், ஊகிக்க முடியாத லிங்க்கும் பூட்டு ஆகிவிடாது. அந்த லிங்க்கை யாராவது ஃபார்வேர்டு செய்தால், பொதுவெளியில் ஒட்டினால், படம் எல்லோருக்கும் திறந்த வீடுதான்.

'கறுப்படிச்சுதானே அனுப்பினேன்?'

அக்கவுன்ட் எண்ணை வெட்டிவிட்டோம், பெயரை மங்கலாக்கிவிட்டோம், இனி பயமில்லை என்று நினைப்போம். அதிலும் ஓட்டை இருந்தது என்பதை 2023 மார்ச் மாதம் உலகமே பார்த்தது.

சைமன் ஆரன்ஸ், டேவிட் புக்கானன் என்ற இரு ஆய்வாளர்கள் வெளிப்படுத்திய அந்தக் குறைபாட்டுக்கு 'ஏக்ரோபலிப்ஸ்' என்று பெயர். கூகுள் பிக்சல் போன்களில் ஸ்க்ரீன்ஷாட்டை வெட்டிச் சேமித்தால், புதிய சின்னப் படம் பழைய ஃபைலின் மேலேயே எழுதப்படும். பழைய ஃபைல் பெரியது, புதியது சிறியது. மிச்சமிருக்கும் பழைய பகுதியைத் துண்டித்திருக்க வேண்டும், அது நடக்கவில்லை. ஒரு பக்கக் கடிதத்தை அழித்து மேலே நான்கு வரி எழுதிவிட்டு, கீழே உள்ள பழைய வரிகளை அப்படியே விட்டதுபோல. வெட்டப்பட்ட பகுதியின் பெரும்பங்கை அந்த மிச்சத்திலிருந்து மீட்க முடிந்தது.

அடுத்த சில நாட்களிலேயே, விண்டோஸ் 11-ன் ஸ்னிப்பிங் டூலிலும் விண்டோஸ் 10-ன் ஸ்னிப் அண்டு ஸ்கெட்சிலும் இதே மாதிரியான குறை இருப்பது தெரியவந்தது. கூகுள், மைக்ரோசாஃப்ட் இரண்டுமே அந்த மாதத்திலேயே திருத்தம் வெளியிட்டன. ஆனால், திருத்தத்துக்கு முன்பே பதிவேற்றிய படங்களை அது காப்பாற்றாது.

ஹோஸ்டிங் தளத்தின் பங்கு இங்கேதான் வருகிறது. வந்த படத்தைச் சில தளங்கள் மறுபடியும் சுருக்கிப் புதிய ஃபைலாகச் சேமிக்கும். அப்போது ஒட்டிக்கொண்டிருக்கும் மிச்சம் தானாகவே உதிர்ந்துவிடும். சில தளங்கள் வந்ததை வந்தபடியே வைக்கும். டிஸ்கார்ட் 2023 ஜனவரி நடுப்பகுதி வரை அப்படித்தான் வைத்திருந்தது. அதாவது, ஒரே ஸ்க்ரீன்ஷாட் ஒரு தளத்தில் பாதுகாப்பானது, இன்னொரு தளத்தில் ஆபத்தானது. எந்த ப்ளக்-இன்னைத் தேர்ந்தெடுத்தோம் என்பதில்தான் வித்தியாசம்.

மங்கலாக்குவதும் முழுப் பாதுகாப்பு கிடையாது. கட்டம் கட்டமாகக் கலைத்த எழுத்துகளை மீட்டெடுக்க முடியும் என்று 2022-ல் பிஷப் ஃபாக்ஸ் நிறுவனத்தின் ஆய்வாளர் ஒரு கருவியையே வெளியிட்டுக் காட்டினார். மறைக்க வேண்டுமென்றால் அடர் கறுப்புப் பட்டைதான் சரி.

இலவசம் எத்தனை நாளைக்கு?

அடுத்த சிக்கல் இதற்கு நேர் எதிரானது. அழிய வேண்டிய படம் அழியாமல் இருப்பது ஒரு பக்கம். இருக்க வேண்டிய படம் காணாமல் போவது மறுபக்கம்.

படத்தைச் சேமிக்க ஹார்டு டிஸ்க் வேண்டும், காட்ட இணைய அலைவரிசை வேண்டும். இரண்டுக்கும் காசு. படத்தை நேரடியாக வேறு பக்கத்தில் ஒட்டிப் பார்ப்பவர், ஹோஸ்டிங் தளத்தின் விளம்பரத்தைப் பார்ப்பதே இல்லை. ஸ்க்ரீன்ஷாட் ப்ளக்-இன் வழியாக வருபவர் அந்தத் தளத்துக்குள் நுழைவதுகூட இல்லை. செலவு உண்டு, வரவு இல்லை என்றால் எந்தத் தளமும் ஒரு கட்டத்தில் கையை விரிக்கத்தான் செய்யும்.

வரலாறும் அதைத்தான் சொல்கிறது:

* இமேஜ்ஷாக் 2014-ல் கட்டணச் சேவையாக மாறியது. ட்விட்டருக்கான பட சேவையாகப் புகழ்பெற்ற ட்விட்பிக் அதே ஆண்டு மூடப்பட்டது.

* கூகுள் தன் பிகாசாவை 2016-ல் நிறுத்தியது.

* போட்டோபக்கெட் 2017-ல் தன் விதிகளை மாற்றி, படங்களை வேறு பக்கங்களில் காட்ட ஆண்டுக்கு 399.99 டாலர் கட்ட வேண்டும் என்றது. கட்டாதவர்களின் படங்கள் இருந்த இடத்தில் கட்டணம் கேட்கும் அறிவிப்புப் படம் வந்து நின்றது. கடும் எதிர்ப்புக்குப் பிறகு அடுத்த ஆண்டு பின்வாங்கியது.

* டைனிபிக் 2019-ல் மூடப்பட்டது.

இந்தத் தளங்களுக்கான ப்ளக்-இன் ஃபைல்கள் பல பழைய கம்ப்யூட்டர்களில் இன்னமும் கிடக்கின்றன. மெனுவில் பெயர் இருக்கும், அந்தப் பக்கம் வாங்கிக்கொள்ள ஆள் இருக்காது.

இம்கரின் கதை இன்னும் அழுத்தமானது. அமெரிக்காவின் ஓஹியோ பல்கலைக்கழகத்தில் படித்துக்கொண்டிருந்த ஆலன் ஷாஃப், 2009-ல் ரெடிட் பயனர்களுக்கான எளிய பட சேவையாக இதை உருவாக்கினார். கணக்கு வேண்டாம், காசு வேண்டாம் என்பதே அதன் பலம். ஸ்க்ரீன்ஷாட் மென்பொருள்கள் பலவும் இம்கரைத் தங்கள் முதன்மைத் தேர்வாக வைத்துக்கொண்டன. 2021-ல் மீடியாலேப் நிறுவனம் இதை வாங்கியது. 2023 மே 15 முதல் புதிய விதிகள் அமலுக்கு வந்தன. ஆபாசப் படங்களோடு, எந்தக் கணக்கிலும் சேராத, பழைய, பயன்பாட்டில் இல்லாத படங்களும் நீக்கப்படும் என்பது அறிவிப்பு. ப்ளக்-இன் மூலம் லாக்-இன் இல்லாமல் அனுப்பிய ஸ்க்ரீன்ஷாட்டுகள் சரியாக இந்த வகைக்குள்தான் வருகின்றன.

பெரிய நிறுவனங்களும் விழித்துக்கொண்டன. கேள்வி-பதில் தளமான ஸ்டாக் ஓவர்ஃப்ளோ, 2010 முதல் தன் பயனர்களின் படங்களை இம்கர் மூலமே சேமித்துவந்தது. 2024-ல் அவற்றைச் சொந்த ஏற்பாட்டுக்கு மாற்றிக்கொண்டது. டிஸ்கார்டும் 2023 இறுதியில் ஒரு மாற்றத்தை அறிவித்தது. தன் ஃபைல் லிங்க்குகளை வெளியே ஒட்டினால் 24 மணி நேரத்தில் காலாவதியாகும் என்றது. அதை இலவச ஹோஸ்டிங்காகப் பயன்படுத்தி வைரஸ் பரப்புவதைத் தடுப்பதும் அதற்கு ஒரு காரணம்.

பிரிட்டன் விவகாரத்தில் காரணம் சட்டம். குழந்தைகளின் தகவல்களை இம்கர் எப்படிக் கையாளுகிறது, வயதை எப்படிச் சரிபார்க்கிறது என்று அந்நாட்டின் தகவல் ஆணையர் அலுவலகம் 2025 மார்ச்சில் விசாரணை தொடங்கியது. செப்டம்பரில், அபராதம் விதிக்க உத்தேசித்திருப்பதாக மீடியாலேப் நிறுவனத்துக்கு நோட்டீஸ் போனது. அந்த மாதமே இம்கர் பிரிட்டனிலிருந்து வெளியேறியது. வெளியேறியதால் பழைய மீறல்களுக்கான பொறுப்பு போய்விடாது என்று ஆணையர் அலுவலகம் தெளிவுபடுத்தியது. சட்டம் தன் வேலையைச் செய்தது சரிதான். ஆனால், இந்தச் சண்டையில் எந்தப் பக்கமும் இல்லாத சாதாரணப் பயனர்களின் படங்களும் சேர்ந்தே மறைந்தன. 'பிரின்டர் வேலை செய்யலையா? இந்தப் படத்தில் காட்டியபடி செய்யுங்க' என்று யாரோ, யாருக்கோ செய்த உதவிகளில் இப்போது எழுத்து இருக்கிறது, படம் இல்லை.

லைப்ரரி ஃபைலையே நம்பலாமா?

படம் போகும் இடத்தைப் பற்றிப் பேசினோம். கொண்டுபோகும் ஆளைப் பற்றியும் பேச வேண்டும்.

ஒரு டிஎல்எல் ஃபைல், தன்னை ஏற்றிக்கொண்ட மென்பொருளுக்குக் கம்ப்யூட்டரில் என்னென்ன அனுமதி உண்டோ, அத்தனையும் பெற்றுவிடும். ஸ்க்ரீன்ஷாட் மென்பொருளுக்கோ திரையைப் பார்க்கலாம், கிளிப்போர்டைத் தொடலாம், கீபோர்டு பட்டன்களைக் கவனிக்கலாம், இணையத்துக்கு அனுப்பலாம். உளவு பார்க்கும் மென்பொருளுக்குத் தேவையானதும் இதே நான்குதான். எனவே, 'இந்த ஒரு ஃபைலை மட்டும் ப்ளக்-இன் ஃபோல்டரில் போடுங்க, புது சர்வீஸ் வேலை செய்யும்' என்று யாரோ தரும் ஃபைலை வாங்கிப் போடுவது, வீட்டுச் சாவியைக் கொடுப்பதற்குச் சமம்.

நல்ல எண்ணத்தில் எழுதப்பட்ட மென்பொருளிலும் ஓட்டை இருக்கலாம். கிரீன்ஷாட்டின் 1.2.10 மற்றும் அதற்கு முந்தைய பதிப்புகளில், அதன் சொந்த வடிவிலான ஒரு ஃபைலைத் திறந்தாலே தீய நிரல் இயங்கக்கூடிய குறைபாடு 2023-ல் வெளிப்பட்டது. பழைய பதிப்பையே வருடக்கணக்கில் வைத்திருப்பவர்களுக்கு இது ஒரு பாடம்.

லைப்ரரிகள் எவ்வளவு ஆழமான நம்பிக்கையின் மேல் நிற்கின்றன என்பதற்கு 2024 மார்ச் சம்பவம் நல்ல உதாரணம். எக்ஸ்இசட் யூட்டில்ஸ் என்ற தொகுப்பின் லைப்ரரிக்குள், இரண்டு ஆண்டுகளுக்கும் மேலாக நம்பிக்கையைச் சம்பாதித்த ஒரு பங்களிப்பாளரின் பெயரில் ரகசிய வாசல் வைக்கப்பட்டிருந்தது. மைக்ரோசாஃப்ட் பொறியாளர் ஆண்ட்ரெஸ் ஃப்ராய்ண்ட், லாக்-இன் ஆவதற்கு வழக்கத்தைவிட அரை நொடி கூடுதலாகிறதே என்று துருவியதால்தான் அது பிடிபட்டது. அது ஸ்க்ரீன்ஷாட் மென்பொருள் அல்ல; ஆனால் பாடம் பொதுவானது. ஓப்பன் சோர்ஸ் என்றால் யார் வேண்டுமானாலும் சோதிக்கலாம் என்று அர்த்தம், யாரோ சோதித்துவிட்டார்கள் என்று அர்த்தம் இல்லை.

போன்களிலும் இதே நிலைதான். 2025 பிப்ரவரியில் கேஸ்பர்ஸ்கி நிறுவனம் 'ஸ்பார்க்கேட்' என்ற தீய மென்பொருளை அம்பலப்படுத்தியது. சாதாரண ஆப்களுக்குள் இணைக்கப்பட்ட ஒரு துணைத் தொகுப்பாக அது வந்தது. கேலரியில் இருக்கும் படங்களில் உள்ள எழுத்துகளைப் படித்து, கிரிப்டோ வாலட்டின் மீட்புச் சொற்களைத் தேடி எடுத்தது. கூகுள் ப்ளே ஸ்டோரில் மட்டும் அந்த ஆப்கள் 2,42,000 முறைக்கு மேல் டவுன்லோடு செய்யப்பட்டிருந்தன. பாஸ்வேர்டை ஸ்க்ரீன்ஷாட் எடுத்து வைப்பது ஏன் தவறு என்பதற்கு இதைவிட விளக்கம் தேவையில்லை.

இந்தியாவில் சட்டம் என்ன சொல்கிறது?

2023-ல் நிறைவேற்றப்பட்ட டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டத்துக்கான விதிகள் 2025 நவம்பரில் அறிவிக்கப்பட்டன. அவை படிப்படியாக நடைமுறைக்கு வருகின்றன. ஒருவர் தன் சொந்த, வீட்டு உபயோகத்துக்காகத் தகவலைக் கையாண்டால் இந்தச் சட்டம் அவருக்குப் பொருந்தாது. ஆனால், நிறுவனங்களின் கதை வேறு.

ஒரு கால்சென்டர் ஊழியர், வாடிக்கையாளரின் பெயர், போன் எண், ஆதார் விவரம் தெரியும் திரையை அப்படியே பிடித்து, 'இந்த எரர் வருது பாருங்க' என்று சீனியருக்கு லிங்க் அனுப்புகிறார் என்று வைத்துக்கொள்வோம். அவருக்கு அது இரண்டு நொடி வேலை. நிறுவனத்தைப் பொறுத்தவரை, வாடிக்கையாளரின் தகவல் ஒப்பந்தமே இல்லாத ஒரு வெளிநாட்டு சர்வருக்குப் போய்விட்டது. புதிய சட்டப்படி, தகவல் கசிந்தால் பாதிக்கப்பட்டவர்களுக்கும் தரவுப் பாதுகாப்பு வாரியத்துக்கும் தெரிவிக்க வேண்டிய கடமை நிறுவனத்துக்கு உண்டு. போதிய பாதுகாப்பு ஏற்பாடு செய்யத் தவறினால் அபராதம் 250 கோடி ரூபாய் வரை போகலாம். சென்னை, கோவை என ஐ.டி., பி.பி.ஓ. வேலைகள் குவிந்திருக்கும் ஊர்களில் இது ஏட்டளவு கவலை இல்லை.

தப்பை ஊழியர் தலையில் மட்டும் போட்டுவிடவும் முடியாது. படத்தைப் பகிர எளிய, பாதுகாப்பான வழியை அலுவலகம் கொடுக்காதபோதுதான் ஆட்கள் இலவச வழியைத் தேடுகிறார்கள்.

அப்போ என்னதான் செய்யலாம்?

மென்பொருளை அழிக்க வேண்டிய அவசியம் இல்லை. சில அமைப்புகளை மாற்றினாலே பெரும்பாலான ஆபத்து குறையும்.

* தானியங்கி அப்லோடை நிறுத்துங்கள். படம் பிடித்ததும் 'கிளிப்போர்டுக்கு நகல் எடு', 'ஃபைலாகச் சேமி' என்பதை மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். அனுப்புவது தனியாக, யோசித்துச் செய்யும் வேலையாக இருக்கட்டும்.

* லிங்க் தேவையா என்று பாருங்கள். ஒருவருக்கு மட்டும் காட்ட வேண்டிய படத்தை, சாட்டிலோ மெயிலிலோ நேரடியாக ஒட்டினால் போதும்.

* மறைக்க வேண்டியதை அடர் நிறப் பட்டையால் மறையுங்கள். மங்கலாக்கவோ, ஒளி ஊடுருவும் மார்க்கரால் பூசவோ வேண்டாம். மறைத்த பிறகு, அதைப் புதிய ஃபைலாகச் சேமியுங்கள்.

* கணக்கில் லாக்-இன் செய்து பதிவேற்றுங்கள். அப்போதுதான் பின்னர் தேடி அழிக்க முடியும். ஏற்கெனவே அனாமதேயமாக அனுப்பியிருந்தால், மென்பொருளின் ஹிஸ்டரியைத் திறந்து, டிலீட் லிங்க் இருக்கிறதா என்று பாருங்கள். கம்ப்யூட்டரை ஃபார்மேட் செய்வதற்கு முன் இதைச் செய்வது முக்கியம்.

* பயன்படுத்தாத ப்ளக்-இன்களை நீக்குங்கள். மூடப்பட்ட சேவைகளுக்கான ஃபைல்கள் எதற்கும் உதவாது. மென்பொருளை அதன் அதிகாரப்பூர்வப் பக்கத்திலிருந்து மட்டும் எடுத்து, அவ்வப்போது அப்டேட் செய்யுங்கள்.

* கஸ்டம் அப்லோடரை இறக்குமதி செய்யும் முன் திறந்து படியுங்கள். அது சாதாரண எழுத்து ஃபைல்தான், நோட்பேடிலேயே திறக்கும். படம் எந்த முகவரிக்குப் போகிறது என்பது அதில் எழுதியிருக்கும்.

* அலுவலகம் என்றால் சொந்த இடம். நிறுவனத்தின் சர்வரிலோ, ஒப்பந்தம் உள்ள கிளவுடிலோ படம் சேரும்படி இதே மென்பொருள்களை அமைக்க முடியும். அந்தச் சேமிப்பிடம் பொதுப் பார்வைக்குத் திறந்து கிடக்கிறதா என்பதையும் சரிபார்க்க வேண்டும். இல்லையென்றால் பிரச்சினை இடம் மாறுமே தவிர, தீராது.

* முக்கியமான படங்களுக்கு ஒரு நகல். ஆதாரமாகவோ, வழிகாட்டியாகவோ பயன்படும் ஸ்க்ரீன்ஷாட் என்றால் லிங்க்கை மட்டும் நம்பாமல், ஃபைலையும் கையில் வைத்திருங்கள்.

ஏற்கெனவே அனுப்பிய படம் ஒன்று மனதில் உறுத்துகிறதா? அதில் பாஸ்வேர்டு தெரிந்திருந்தால், படத்தைத் தேடுவதற்கு முன் பாஸ்வேர்டை மாற்றுங்கள். கார்டு எண் தெரிந்திருந்தால் வங்கியிடம் சொல்லுங்கள். படம் அழிந்ததா என்பது அதற்கு அடுத்த கேள்விதான். அதை இதற்குள் யாராவது சேமித்திருந்தால், டிலீட் பட்டன் அவருடைய நகலைத் தொடாது.